அனந்தையில் ஒரு நூற்பெட்டி

திருவனந்தபுரம் செல்வோர் பத்மநாபசுவாமியைச் சேவிப்பர், பொருட்காட்சிசாலையைப் பார்ப்பர், மாலையில் கோவளத்துக் கடற்கரையில் காற்று வாங்கித் திரும்புவர். நானும் முன்பு பலமுறை அவ்வாறு சென்று வந்தவனே. சென்ற திங்களில் மேற்கொண்ட பயணமோ அத்தகையதன்று. ஒரு பழைய தகரப்பெட்டியை எடுத்து வருவதற்காகவே மும்பையிலிருந்து இரயில் ஏறினேன்.

அப்பெட்டி காலஞ்சென்ற என் தமையனாருடையது. அலுவலின் பொருட்டு அந்நகரில் குடியேறி, அங்கேயே வாழ்ந்து மறைந்தவர் அவர். திங்கள்தோறும் சம்பளத்தில் ஒரு சிறு தொகையை ஒதுக்கி நூல் வாங்குவது அவர் வழக்கம். அவருடைய மகன் இப்போது வீடு மாறுகிறான். "சித்தப்பா, புது வீட்டில் இடம் குறைவு. படிப்பாரும் இல்லை. தாங்கள் எடுத்துக்கொண்டால் நல்லது, இல்லையேல் பழைய காகிதக்காரரிடம் போட்டுவிட வேண்டியதுதான்" என்று தொலைபேசியில் கூறினான். அவனைக் குறை சொல்வதற்கில்லை. வெளியூர்களில் வாழும் நம்மவர் இல்லங்கள் பலவற்றில் இதே நிலைதானே!

சென்ற அன்றிரவே பெட்டியைத் திறந்தேன். கல்கியின் 'சிவகாமியின் சபதம்' இருந்தது. சாண்டில்யனின் 'கடல் புறா' இருந்தது. லக்ஷ்மியின் 'பெண் மனம்', மு. வ.வின் 'கரித்துண்டு', உ. வே. சாமிநாதையரின் 'என் சரித்திரம்', ஏ. கே. செட்டியாரின் 'உலகம் சுற்றும் தமிழன்' ஆகியனவும் இருந்தன. காதற்கதையும் சரித்திரக்கதையும் வாழ்க்கை வரலாறும் பயணநூலும் ஒன்றையொன்று அணைத்தாற்போல அடுக்கப்பட்டிருந்தன. அடியில், அட்டை கிழிந்த 'மனோன்மணீயம்' கிடந்தது.

கல்லூரியில் முதலாண்டு பயிலும் பேத்தி அருகே வந்து அமர்ந்தாள். தமிழில் இனிமையாகப் பேசுவாள். ஆயின் பள்ளியில் பயின்றவை மலையாளமும் ஆங்கிலமும். தமிழ் எழுத்துகளை ஒவ்வொன்றாகக் கூட்டித்தான் படிப்பாள். "சின்னத் தாத்தா, இவற்றில் எல்லாம் என்ன இருக்கிறது?" என்று கேட்டாள். "நாளை உன் ஊரை எனக்குக் காட்டு. அப்போது சொல்கிறேன்" என்றேன்.

மறுநாட் காலை இருவரும் பாளையம் சென்றோம். அங்குள்ள அரசு மத்திய நூலகம் 1829ஆம் ஆண்டு, சுவாதித் திருநாள் மன்னர் காலத்தில் தோன்றியது. இன்று நாம் காணும் கோதிக் பாணிக் கட்டடம் 1900இல் எழுந்தது. மலையாளம், ஆங்கிலம் முதலிய மொழி நூல்களோடு தமிழ் நூல்களும் அங்கு இடம்பெற்றுள்ளன. பிறமொழி வழங்கும் நாட்டின் தலைநகரில் நம் மொழிக்கும் அலமாரிகள் உண்டு என்பது மகிழ்ச்சிக்குரியது. எடுத்துப் படிக்க ஆளிருக்கும் வரையில்தான் அந்த அலமாரிகளுக்கு உயிர் என்பதும் உடனே நினைவுக்கு வந்தது.

நூலகத்திற்குச் சற்றுத் தொலைவில் பல்கலைக்கழகக் கல்லூரி நிற்கிறது. முன்பு மகாராஜா கல்லூரி எனப் பெயர் பெற்றிருந்தது. "இக்கல்லூரியிற் பயின்ற இருவர் 1891ஆம் ஆண்டில் இரண்டு நூல்களை வெளியிட்டனர். ஒன்றை நீ அறிவாய்" என்றேன். "சி. வி. இராமன் பிள்ளையின் 'மார்த்தாண்டவர்மா'! மலையாளத்தின் முதல் சரித்திர நாவல். பள்ளியிலேயே படித்துவிட்டேன்" என்று முகம் மலர்ந்தாள். பகைவர்க்குத் தப்பி மறைந்து திரியும் இளவரசனையும், இறந்துவிட்டதாக ஊரார் கருதிய அனந்தபத்மநாபனுக்காகக் காத்திருக்கும் பாருக்குட்டியையும் பற்றி அவள் சொல்லச் சொல்லக் கேட்டுக்கொண்டே நடந்தேன்.

"மற்றொன்று?" என்றாள்.

"நேற்று நீ பெட்டியின் அடியிற் கண்ட நூல்தான்" என்றேன்.

மனோன்மணீயத்தின் ஆசிரியர் பெ. சுந்தரம் பிள்ளை 1855இல் ஆலப்புழையிற் பிறந்தவர். இக்கல்லூரியிலேயே தத்துவப் பேராசிரியராய் விளங்கி 1897இல் மறைந்தவர். லிட்டன் பிரபு ஆங்கிலத்தில் எழுதிய ஒரு கதையைத் தழுவி, பாண்டியன் மகள் மனோன்மணியும் சேர மன்னன் புருடோத்தமனும் ஒருவரையொருவர் கனவிற் கண்டு காதல் கொண்ட வரலாற்றை நாடகமாகப் பாடினார். தமிழ்நாட்டு அரசு 1970இல் தமிழ்த்தாய் வாழ்த்தாக ஏற்ற பாடல் இந்நூலின் பாயிரத்திலிருந்து எடுத்ததேயாகும். கல்வெட்டுகளை ஆராய்ந்து, திருவிதாங்கூரின் முற்கால அரசர் சிலரைப் பற்றி 1894இல் ஆங்கிலத்தில் ஓர் ஆய்வு நூலும் தந்தார். காதலும் சரித்திரமும் ஆராய்ச்சியும் ஒருவரிடத்திலேயே கூடியிருந்தன!

"அந்தச் சேர மன்னனின் அரண்மனை எங்கே இருந்ததாம்?" என்று வினவினாள் பேத்தி.

"நாடகத்தின்படி இந்தத் திருவனந்தபுரத்திலேயே. பாண்டியனுக்கும் சேரனுக்கும் பூசல் விளைந்ததும் நாஞ்சில் நாட்டின் பொருட்டே" என்றேன்.

அவள் நின்றுவிட்டாள். அவளுடைய தாயாரின் பிறந்தகம் நாகர்கோவில். அந்நாஞ்சில் நாடு திருவிதாங்கூரில் இருந்ததையும், 1956 நவம்பர் முதல் நாள் கன்னியாகுமரி மாவட்டமாகத் தமிழகத்தோடு இணைந்ததையும் வீட்டில் பலகாற் கேட்டிருக்கிறாள். தன் ஊரும் தாயின் ஊரும் ஒரு தமிழ்க் காதற்கதைக்குள் இருப்பதை மட்டும் அவளுக்கு எவரும் சொல்லவில்லை. சொல்லாத குற்றம் யாருடையது? பெரியவர்களாகிய நம்முடையதன்றோ!

மாலையில் கிழக்கேகோட்டை வழியே சாலைத் தெருவுக்குச் சென்றோம். மளிகையும் பூவும் பாத்திரங்களும் மலிந்த அக்கடைத்தெருவில் தமிழும் மலையாளமும் ஒரே மூச்சிற் கலந்து ஒலிக்கின்றன. இத்தெருவிற் கடை வைத்து வாழ்க்கை நடத்திய ஆ. மாதவன், இங்குள்ள சுமைகூலிகளையும் வணிகர்களையும் கதைமாந்தர்களாக்கினார். 1934இல் இந்நகரிலே பிறந்து, பள்ளியில் மலையாளம் பயின்றவர் அவர். ஆயினும் தமிழில் எழுதினார். 'இலக்கியச் சுவடுகள்' என்னும் கட்டுரை நூலுக்காக 2015ஆம் ஆண்டின் சாகித்திய அகாதெமி விருது பெற்று, 2021இல் மறைந்தார்.

"மலையாளம் பயின்றவரா?" என்று மீண்டும் கேட்டாள் பேத்தி. "ஆம், உன்னைப் போலவே" என்றேன். அதன்பின் சிறிது நேரம் அவள் பேசவில்லை.

பத்மநாபசுவாமி கோயிலின் முன் வந்து நின்றபோது, நீல பத்மநாபனின் 'பள்ளிகொண்டபுரம்' நாவலைப் பற்றிக் கூறினேன். ஐம்பதாம் பிறந்தநாளன்று இக்கோயிலுக்கு வரும் அனந்தன் நாயர், தன்னை விட்டுப் பிரிந்த மனைவியை நினைந்து இத்தெருக்களில் நடக்கின்ற கதை அது. 1970இல் வெளிவந்தது. கதைத்தலைவன் நாயர், ஊர் அனந்தபுரி, மொழியோ தமிழ்! அண்டை வீட்டாரின் நெஞ்சை நம் மொழியில் அறிந்துகொள்ள இதனினும் நல்ல வழி ஏது?

வீடு திரும்பியதும் பேத்தி நேரே பெட்டியண்டை சென்றாள். மனோன்மணீயத்தை எடுத்துத் தலைப்பை எழுத்துக் கூட்டிப் படித்தாள். ஐந்தாறு வரிகளுக்கு மேல் அச்செய்யுள் நடை அவளுக்கு வசப்படவில்லை. கண்கள் கலங்கின. "இது பின்னர் ஆகட்டும்" என்று கூறி, 'பெண் மன'த்தை அவள் கையிற் கொடுத்தேன். அன்றிரவு ஒரு பக்கம் முடிய அரைமணி நேரமாயிற்று. ஆனால் முடித்தாள். தந்தை அறைவாயிலில் நின்று கேட்டுக்கொண்டிருந்தான். "சித்தப்பா, பெட்டி இங்கேயே இருக்கட்டும். புது வீட்டில் என் மேசையை வேண்டுமானால் குறைத்துக்கொள்கிறேன்" என்றான்.

எடுத்து வரச் சென்றவன் வெறுங்கையுடன் மும்பை திரும்பினேன். இவ்வளவு நிறைவான பயணம் எனக்கு முன்பு வாய்த்ததில்லை. இப்போது இரவுதோறும் ஒன்பது மணிக்குத் தொலைபேசி ஒலிக்கிறது. அவள் ஒரு பக்கம் படிக்கிறாள். தடுமாறும் இடத்தில் நான் எடுத்துக் கொடுக்கிறேன்.

அன்பர்களே! உங்கள் இல்லத்துப் பரண்மீதும் இத்தகைய பெட்டி ஒன்று இருக்கலாம். காகிதக்காரரை அழைக்குமுன் ஒருமுறை திறந்து பாருங்கள். நீங்கள் குடியேறிய ஊரைப் பற்றியோ, உங்கள் முன்னோர் ஊரைப் பற்றியோ பேசும் நூல் ஒன்று அதில் கிடைக்கக்கூடும். அதன் கதையை முதலில் பிள்ளைகளுக்கு வாயாற் சொல்லுங்கள். எழுத்தை அவர்களே தேடி வருவார்கள்.