சோழி கற்பித்த பாடம்



ஆசிரியர் கற்பிப்பவர், மாணவர் கற்பவர் என்பது உலக வழக்கு. அவ்வழக்குத் தலைகீழான நாள் ஒன்று என் வாழ்வில் உண்டு. அன்று எனக்குப் பாடம் கற்பித்தவை, நான்காம் ஆண்டு மாணவி ஒருத்தியின் வினாவும், கட்டைவிரல் அளவே உள்ள ஒரு கடல் நத்தையும் ஆகும்.

சோழியை அறியாத தமிழ்க் குடும்பம் அரிது. என் பாட்டியார் ரஜூலா கப்பலில் பினாங்கு வந்து இறங்கியபோது, சேலைத் தலைப்பில் முடிந்து கொணர்ந்த பொருள்களுள் ஆறு சோழிகளும் இருந்தன. மழை பெய்து பால்வெட்டு நின்றுபோன நாள்களில், லயத்து அஞ்சடியில் தாயக்கட்டம் வரைந்து, அச்சோழிகளைக் குலுக்கி வீசுவார். அருகிருந்த கம்பத்து மலாய்ப் பெண்கள் சொங்காக் பலகையின் குழிகளில் இட்டு ஆடியதும் சோழிகளையே. நம் பல்லாங்குழிக்கு அவ்விளையாட்டு உடன்பிறப்புப் போன்றது. இவ்வாறு சிறுவயது முதல் சோழியோடு பழகியிருந்தும், அஃது ஓர் உயிரின் உடைமை என்று நான் ஒருநாளும் எண்ணிப் பார்த்ததில்லை.

2018ஆம் ஆண்டு மாணவர்களைப் போர்ட்டிக்சன் பக்கத்துப் பாறைக் கடற்கரை ஒன்றுக்குச் சுற்றுலா அழைத்துச் சென்றோம். கடல்நீர் வற்றியிருந்த நேரம். “அறிவியல் மூலைக்கு ஆளுக்கொரு சிப்பியோ சோழியோ கொண்டு வாருங்கள்” என்று நான் கட்டளையிட்டேன். பிள்ளைகள் கற்களைப் புரட்டிப் புரட்டித் தேடினர். பழுப்பு நிறப் புள்ளிகளோடு பளபளத்த சோழிகள் பல கிடைத்தன. நானும் மகிழ்ந்து பாராட்டினேன். அவற்றைக் குழாய் நீரில் கழுவிக் கண்ணாடிச் சீசாவில் இட்டு, அழகிய எழுத்தில் பெயரும் எழுதி ஒட்டினோம்.

மூன்றாம் நாள் வகுப்பறையில் துர்நாற்றம் எழுந்தது. சீசாவைத் திறந்து பார்த்த மாணவி ஒருத்தி என் அறைக்கு வந்து, “ஐயா, இவை உயிரோடு இருந்தனவா? நாம்தாம் கொன்றுவிட்டோமா?” என்று கேட்டாள். அவள் கண்கள் கலங்கியிருந்தன. ஏதேனும் சமாதானம் கூறி அவளை அனுப்பியிருக்கலாம். ஆனால் பொய்யுரைக்க நா எழவில்லை. “ஆம், அம்மா. பிழை உங்களுடையது அன்று. எடுக்கச் சொன்ன என்னுடையது” என்றேன்.

அதன் பின்னரே சோழியைப் பற்றி நூல்களைத் தேடிப் படித்தேன். சோழி இனத்தில் 200க்கும் மேற்பட்ட வகைகள் உள்ளன. பகலில் கல்லிடுக்கில் ஒடுங்கியிருந்து, இரவில் இரை தேடுபவை அவற்றுள் பல. உயிருள்ள சோழி ஊர்ந்து செல்லும்பொழுது, அதன் உடலின் மெல்லிய தோல்மடிப்பு இருபுறமும் மேலேறி ஓட்டைப் போர்த்திக்கொள்கிறது. அம்மடிப்பே ஓட்டின்மேல் புதுப்பூச்சுப் பூசுகிறது. உராய்வும் பாசியும் அணுகாமல் காக்கிறது. நாம் கண்டு வியக்கும் பளபளப்பு, தன் வீட்டைத் தானே அணைத்துக் காத்த ஓர் உயிரின் உழைப்பாகும். தோட்டம் விற்கப்பட்டு லயத்தை விட்டு வெளியேறிய குடும்பங்களை நாம் அறிவோம். மனிதனாவது வேறிடம் தேடிக் குடியேறலாம். சோழிக்கோ உடலோடு ஒட்டிய வீடு அஃது ஒன்றே. அதனை இழந்தால் உயிரும் இல்லை.

நான் செய்த பிழை புதியதும் அன்று. என் பாட்டியாரின் பையிலிருந்த மஞ்சள் வெண்ணிறச் சோழிக்கு, 1758இல் அறிஞர் லின்னேயஸ் ‘நாணயம்’ எனப் பொருள்படும் இலத்தீன் பெயரைச் சூட்டினார். மாலைத்தீவில் அது பணமாக வழங்கியது. 1343இல் அங்குச் சென்ற இப்னு பதூதா, உயிருள்ள சோழிகளைக் கரையில் குழிதோண்டி இட்டு, சதை அழுகியபின் ஓட்டை எடுத்ததை எழுதி வைத்துள்ளார். கப்பல் கப்பலாக அவை வங்காளத்திற்குச் சென்றன. பதிலுக்கு அரிசி வந்தது. பிற்காலத்தில் ஐரோப்பிய வணிகர் இச்சோழிகளை மேற்கு ஆப்பிரிக்காவிற்குக் கொண்டுசென்று, அவற்றைக் கொடுத்து மனிதரையே அடிமைகளாக வாங்கினர். இன்று எந்தக் கடையிலும் சோழி பணமாகச் செல்லாது. விலை மறைந்துவிட்டது, போன உயிர்கள் திரும்பவில்லை.

2019இல் மீண்டும் அக்கடற்கரைக்குச் சென்றோம். இம்முறை என் கட்டளை வேறு. “பாருங்கள், வரையுங்கள், எடுக்காதீர்கள். புரட்டிய கல்லை இருந்தபடியே மெல்லத் திருப்பி வையுங்கள்” என்றேன். கல்லின் அடியில் நிழலும் ஈரமும் நாடி வாழும் சிற்றுயிர்கள், கல் புரண்டு கிடந்தால் வெயிலில் மடிந்துவிடும். அன்று நீர்க்குட்டை ஒன்றில் சோழி ஒன்று தன் போர்வையை விரித்து ஊர்ந்ததைப் பிள்ளைகள் சூழ்ந்து நின்று பார்த்தனர். இரைச்சலிட்டுப் பழகிய அவர்கள் அப்போது ஒரு சொல்லும் பேசவில்லை. முந்தைய ஆண்டு என்னிடம் வினவிய மாணவியே கடைசிக் கல்லைத் திருப்பி வைத்துவிட்டு வந்தாள்.

மாணவச் செல்வங்களே! அழகிய பொருளைக் கண்டவுடன் கை நீளுவது இயல்பு. நீளும் கையை ஒரு கணம் நிறுத்தி, “இதனுள் யார் இருக்கிறார்?” என்று கேட்டுப் பாருங்கள். பெற்றோர்களே! பிள்ளைகள் கேட்கும் வினா நம் பிழையைச் சுட்டினாலும் அவர்களை அதட்டாதீர்கள். உண்மையைச் சொல்லுங்கள்.

அறிவியல் மூலையில் அந்தச் சீசா இன்றும் இருக்கிறது. பழைய பெயர்ச் சீட்டை அகற்றிவிட்டு, நானே வேறொன்று எழுதி ஒட்டியுள்ளேன்: “இவை உயிரோடு இருந்தவை.”