பிராக் நகரின் நெருப்பும் நாழிகையும்

ஐரோப்பாக் கண்டத்தின் நடுவே, வல்தாவா நதியின் இரு கரைகளிலும் பரந்து கிடக்கிறது செக் நாட்டின் தலைநகராகிய பிராக். கோபுரங்கள் மலிந்த இந்நகருக்கு வருவோர் தவறாது காண விழைவன இரண்டு: ஒன்று ஒரு சிறு தெரு, மற்றொன்று ஒரு கடிகாரம். தெருவிலே இரசவாதிகள் இரவு பகலாக உலை மூட்டிப் பொன் செய்தனர் என்றும், கடிகாரத்தைச் செய்தவன் காலத்தையே கட்டுப்படுத்தும் வித்தை கற்றவன் என்றும் கதைகள் வழங்குகின்றன. சித்தர்கள் செம்பைப் பொன்னாக்கிய கதைகளைக் கேட்டு வளர்ந்த நமக்கு இவை புதியனவல்ல. எனினும், இக்கதைகளின் உள்ளே எவருடைய பெயர் மறைந்து கிடக்கிறது என்று தேடிப் பார்ப்பது பயனுடையது.

முதலில் நதியின் மேற்குக் கரைக் குன்றின்மேல் நிற்கும் கோட்டைக்குச் செல்வோம். அதன் வடமதிலை ஒட்டியுள்ளது பொன் வீதி. குனிந்தே நுழையவேண்டிய குறுகிய வாயில்களுடன் வண்ணவண்ணமான குட்டி வீடுகள் வரிசையாக நிற்கின்றன. இங்கே இரசவாதிகள் வாழ்ந்தனர் என்பதுதான் கதை. உண்மையில், 1597ஆம் ஆண்டில் இரண்டாம் ரூடொல்ப் பேரரசன் கோட்டைக் காவலராகிய 24 வீரர்களுக்கு இவ்விடத்தை வழங்கினான். பின்னர் பொற்கொல்லரும் இங்கே குடியிருந்தமையால் வீதிக்கு அப்பெயர் வாய்த்தது. இதன் 22ஆம் இலக்க வீட்டில் 1916ஆம், 1917ஆம் ஆண்டுகளில் எழுத்தாளர் பிரான்ஸ் காப்கா அமர்ந்து கதைகள் எழுதினார்.

ஆனால், இரசவாதிகள் பிராக் நகருக்கு வந்தது கட்டுக்கதையன்று. 1583ஆம் ஆண்டில் தன் அரசவையை வியன்னாவிலிருந்து இங்கு மாற்றிய ரூடொல்ப், அபூர்வப் பொருள்களிலும் மறைபொருட் கலைகளிலும் தீராத ஆசை கொண்டவன். இங்கிலாந்திலிருந்து ஜோன் டீ என்னும் அறிஞரும், அவருடைய துணைவராகிய எட்வேர்ட் கெலியும் 1584ஆம் ஆண்டில் இந்நகரை அடைந்தனர். பொன் செய்யும் இரகசியம் தமக்குத் தெரியும் என்று கூறிய கெலிக்குப் பட்டமும் செல்வமும் கிடைத்தன. பொன் மட்டும் கிடைக்கவில்லை. 1591ஆம் ஆண்டில் அவர் சிறைப்பட்டார்.

அதே அரசவைக்கு வேறு இருவரும் வந்தனர். டென்மார்க்கைச் சேர்ந்த தைக்கோ பிராகே 1599ஆம் ஆண்டிலும், யொஹான்னஸ் கெப்ளர் அடுத்த ஆண்டிலும் வந்து சேர்ந்தனர். கெப்ளருக்கு ஊதியம் ஒழுங்காகக் கிடைத்ததில்லை. எனினும், செவ்வாய்க் கிரகத்தின் பாதையைப் பல்லாண்டு கணித்து, கோள்கள் நீள்வட்டத்திலே செல்கின்றன என்பதை 1609ஆம் ஆண்டில் நூலாக வெளியிட்டார். மறைத்து வைத்த கெலியின் வித்தை அவருடனே மாய்ந்தது. கணக்குகளை எல்லோரும் சரிபார்க்கும்படி அச்சிட்ட கெப்ளரின் வித்தை இன்று பள்ளி மாணவர்க்கும் பாடமாக உள்ளது.

ரூடொல்ப் 1612ஆம் ஆண்டில் இறந்தான். இரண்டே ஆண்டுகளில், ஜெர்மனியின் காசெல் நகரில் ஆசிரியர் பெயரற்ற சிறு நூலொன்று அச்சாயிற்று. ரோசாச் சிலுவைச் சகோதரர் என்னும் இரகசியச் சபையை அது உலகுக்கு அறிவித்தது. அச்சபையின் தந்தை நூற்றாறு ஆண்டு வாழ்ந்தாராம், அவருடைய நிலவறைச் சமாதி 120 ஆண்டுகளின் பின் திறக்கப்பட்டபோது, அங்கே கதிரவன் புகாமலே ஒளி நிறைந்திருந்ததாம், அவருடல் அழியாதிருந்ததாம். காலத்தையும் நெருப்பையும் வென்ற இச்சபையைக் கற்றோர் பலர் தேடினர். ரூடொல்பின் வைத்தியராயிருந்த மிக்கேல் மையரும் அதனை ஆதரித்து நூல்கள் எழுதினார். ஆனால், அந்நூல் கூறிய சபை ஏட்டிலன்றி எங்கும் இருந்ததற்குச் சான்று கிடைக்கவில்லை.

இனிக் குன்றிலிருந்து இறங்கி, சார்ள்ஸ் பாலத்தைக் கடந்து, பழைய நகரின் சதுக்கத்தை அடைவோம். நகர மண்டபத்தின் தென்சுவரிலே அந்தப் புகழ்பெற்ற கடிகாரம் விளங்குகிறது. அதன் முகத்தில் சூரியனும் சந்திரனும் இராசிகளின் ஊடே நகர்கின்றன. நம் முன்னோர் சூரிய உதயத்திலிருந்து நாழிகை எண்ணினர். பழைய பொஹீமிய மக்களோ அஸ்தமனத்திலிருந்து மணி எண்ணினர். அந்தப் பழங்கணக்கை இக்கடிகாரத்தின் வெளிவட்டம் இன்றும் காட்டுகிறது. பகல்தோறும் மணிக்கொருமுறை எலும்புக்கூட்டு உருவம் மணியடிக்க, மேலுள்ள சாளரங்களில் அப்போஸ்தலரின் உருவங்கள் வலம் வருகின்றன.

இதனைச் செய்தவர் ஹனுஷ் என்னும் வினைஞர் என்றும், இதுபோன்ற வேறொன்றைச் செய்யாதபடி நகரப் பெரியோர் அவருடைய கண்களைக் குருடாக்கினர் என்றும் கதை கூறும். குருடரான ஹனுஷ் சக்கரங்களுக்குள் கையை விட்டுக் கடிகாரத்தை நிறுத்தினாராம். கேட்போர் கண்கலங்குவர். ஆனால், 1410ஆம் ஆண்டு ஒக்டோபர் 9ஆந் தேதியிட்ட ஆவணமொன்று வேறு பெயரைச் சொல்கிறது. கடான் என்ற ஊரைச் சேர்ந்த மிகுலாஷ் என்னும் கடிகார வினைஞரே இதனைச் செய்தவர். வானியல் கணக்குகளுக்குத் துணை நின்றவர் பல்கலைக்கழகப் பேராசிரியர் யான் ஷிண்டெல் என்று கருதப்படுகிறது. ஹனுஷ் பின்னாளில், ஏறத்தாழ 1490ஆம் ஆண்டளவில், இதிற் பணியாற்றியவர். 16ஆம் நூற்றாண்டில் கடிகாரத்தைப் பழுதுபார்த்த யான் தாபோர்ஸ்கி எழுதிய குறிப்பு ஹனுஷையே ஆக்கியோனாகக் காட்டியமையால், மிகுலாஷின் பெயர் நூற்றாண்டுக் கணக்கில் மறைந்தது. இல்லாத கொடுமைக்காக மக்கள் இரங்கினர். உண்மையாக உழைத்தவனுக்கு உரிய புகழ் கிட்டவில்லை. மாயக்கதையால் நேரும் நட்டம் இதுவே.

1945ஆம் ஆண்டு மே மாதத்தில் மெய்யான நெருப்பு இக்கடிகாரத்தைத் தீண்டியது. ஜெர்மானியப் படைகளின் தாக்குதலில் நகர மண்டபம் தீப்பற்றி, மர உருவங்கள் எரிந்தன, பொறிகள் சிதைந்தன. மந்திரம் எதுவும் அதனை மீட்கவில்லை. சிற்பி வொய்தேக் சுஹார்தா அப்போஸ்தலரைப் புதிதாகச் செதுக்க, கம்மியர் சக்கரங்களைச் சீர்செய்ய, 1948ஆம் ஆண்டில் கடிகாரம் மீண்டும் ஓடத் தொடங்கியது. பிராக் செல்லும் வாய்ப்புப் பெறும் இளைஞர்கள், மணியடிக்கும் வேளையில் அதன் அடியில் நிற்கும்போது, வழிகாட்டி சொல்லும் ஹனுஷின் கதையை விருப்போடு கேட்கட்டும். கேட்டபின், கடான் ஊர் மிகுலாஷின் பெயரையும் ஒருமுறை நினைந்துகொள்ளட்டும்.