எங்கே வாழ்வதென்று அவளைக் கேட்போம்

ஆட்கொணர்வு மனு என்றதும் போரில் உறவுகளைத் தொலைத்த நமக்கு இராணுவமும் முகாமும்தான் நினைவுக்கு வரும். வீட்டுக்குள் அடைக்கப்பட்ட பெண்ணுக்கும் அது உரியது என்பதைப் பலர் அறியார்.

ஹேவாஹெட்ட தோட்டக் குடும்பங்களிடம் நான் அடிக்கடி கேட்பது, “எங்க புள்ள, நாங்கதான் முடிவெடுப்போம்” என்ற பேச்சுத்தான்.

கேரளத்தில் மதம் மாறிய ஹாதியாவுக்காகத் தந்தை ஆட்கொணர்வு மனுத் தாக்கல் செய்தார். வழக்கு நடக்கையில் ஹாதியா திருமணம் செய்தார். 2017 மே மாதம் உயர் நீதிமன்றம் அத்திருமணத்தை இரத்துச் செய்து, 24 வயதான அவரைப் பெற்றோரிடம் அனுப்பியது. விடுவிக்க வந்த சட்டமே அவரை அடைத்தது. 2018 மார்ச் 8, பெண்கள் தினத்தன்று, இந்திய உச்ச நீதிமன்றம் அத்தீர்ப்பை நீக்கியது. வயது வந்தவரின் விருப்பமே முக்கியம் என்றது.

இலங்கையிலும் 18 வயது நிறைந்தவர் வயது வந்தவரே. சட்டவிரோதமாக அடைக்கப்பட்ட ஒருவருக்காக வேறொருவர் மேன்முறையீட்டு நீதிமன்றத்திலோ மாகாண மேல் நீதிமன்றத்திலோ மனுச் செய்யலாம்.

சகோதரிகளே, ஒரு பிள்ளையை இழந்த தாய் அடுத்த பிள்ளையை வெளியே விட அஞ்சுவாள். அந்தப் பயம் எனக்குப் புரிகிறது. ஆனாலும் கதவைப் பூட்டுமுன், “நீ எங்கே இருக்க விரும்புகிறாய்?” என்று மகளிடம் கேளுங்கள். நீதிமன்றமும் முதலில் அதையே கேட்க வேண்டும்.