எம்டன் ஊர்ப் பிள்ளை

‘அவன் சரியான எம்டன்’ என்று இன்றைக்கும் நம் வீடுகளில் சொல்வார்கள். 1914 செப்டம்பரில் ஓர் இரவு, சென்னைத் துறைமுகத்தை ஒட்டியிருந்த எண்ணெய்க் கிடங்குகள்மீது குண்டு வீசிவிட்டுப் போன ஜெர்மன் போர்க்கப்பலின் பெயர் அது. அந்தக் கப்பலுக்குப் பெயர் கொடுத்தது வட ஜெர்மனியில் உள்ள எம்டன் என்ற துறைமுக நகரம். 1941-ல் அந்த ஊரில் பிறந்த ஒருவரின் படங்களை நம்மில் பலர், அவர் யாரென்றே தெரியாமல் பார்த்திருக்கிறோம்.

‘டிராய்’, ‘ஏர் ஃபோர்ஸ் ஒன்’, கொரோனா ஊரடங்கில் பலர் தேடிப் பார்த்த ‘அவுட்பிரேக்’... மூன்றையும் இயக்கியவர் உல்ஃப்காங் பீட்டர்சன்.

அவரைப் பற்றி நான் தேடிப் படித்ததற்குக் காரணம், என் மகள். சீரியல் ஒன்றில் உதவி இயக்குநராக இருக்கிறாள். விடியற்காலையில் கிளம்பினால், வீடு திரும்ப ராத்திரி பதினொன்று ஆகும். கல்யாணம், காதுகுத்து என எங்கே போனாலும் அவளுக்கு ஒரே கேள்விதான். “சீரியல் சரிம்மா... எப்ப சினிமாவுக்குப் போகப்போறே?” சிரித்துவைப்பாள். ஒருநாள் வீட்டுக்கு வந்ததும், “டி.வி-னா அவ்ளோ மட்டமாப்பா?” என்று கேட்டாள். குரல் உடைந்திருந்தது.

பீட்டர்சன் தொழில் பழகியது டி.வி-யில்தான். பெர்லின் திரைப்படக் கல்லூரியில் படித்து முடித்ததும், 1970-களில் பெரும்பாலும் தொலைக்காட்சிக்கே படம் எடுத்தார். ஜெர்மனியில் 1970 முதல் இன்றுவரை ஓடிக்கொண்டிருக்கும் ‘டாட்டோர்ட்’ என்ற துப்பறியும் தொடரில் மட்டும் ஆறு கதைகள். குறைந்த இடம், குறைந்த நாள், நடிகர்களின் முகம். இவற்றை வைத்தே பார்ப்பவரை நகரவிடாமல் உட்காரவைக்க வேண்டும்.

அந்தப் பழக்கம்தான் 1981-ல் ‘தாஸ் போட்’ ஆனது. இரண்டாம் உலகப்போரில் ஒரு ஜெர்மன் நீர்மூழ்கிக் கப்பலின் கதை. டி.வி நிறுவனங்களின் பணமும் சேர்ந்து உருவானது. முதலில் தியேட்டரில் சினிமாவாக வந்து, பிறகு டி.வி-யில் தொடராகவும் ஓடியது. ஒருவர் ஒதுங்கினால்தான் இன்னொருவர் போக முடியும் என்கிற அளவுக்குக் குறுகலான செட். கையில் பிடித்த கேமராவுடன் ஒளிப்பதிவாளர் அதற்குள் ஓடினார். பெரும்பாலான காட்சிகளைக் கதை வரிசையிலேயே எடுத்ததால், நடிகர்களின் தாடி நாளுக்கு நாள் நிஜமாகவே வளர்ந்தது.

அமெரிக்காவில் அந்தப் படத்தைத் திரையிட்டபோது நடந்ததை பீட்டர்சனே பின்னாளில் சொல்லியிருக்கிறார். நீர்மூழ்கிகளில் போன 40,000 ஜெர்மானியர்களில் 30,000 பேர் திரும்பவில்லை என்ற வரி, தொடக்கத்தில் திரையில் வந்ததும் அரங்கம் கைதட்டியது. எதிரிகள்தானே! இரண்டரை மணி நேரம் கழித்து, அதே கூட்டம் எழுந்து நின்று கைதட்டியது. இந்த முறை படத்துக்கு. ஆறு ஆஸ்கர் பரிந்துரைகள் கிடைத்தன. அதில் இரண்டு, இயக்கத்துக்காகவும் திரைக்கதைக்காகவும் பீட்டர்சனுக்கே. ஹாலிவுட்டின் கதவு திறந்தது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மகளும் நானும் அந்தப் படத்தைப் பார்த்தோம். மேலே குண்டு வெடிக்க, கீழே எல்லோரும் மூச்சை அடக்கிக்கொண்டு அண்ணாந்து பார்க்கும் இடத்தில், நானும் மூச்சை அடக்கிக்கொண்டிருந்தேன். அவளோ வேறு கணக்கில் இருந்தாள். “ஒரே செட்டுப்பா! எங்க சீரியல் வீட்டு ஹாலைவிடச் சின்னது. இதுல எப்படி லைட் வெச்சிருப்பாங்க?” திருப்பித் திருப்பி நிறுத்தி, கேமரா எங்கே நின்றிருக்கும் என்று நோட்டில் வரைந்தாள். மறுநாள் அந்த நோட்டை ஷூட்டிங்குக்கும் எடுத்துப் போனாள்.

பீட்டர்சனின் கடைசிப் படத்தை அவளிடம் சொன்னபோது நம்பவில்லை. 2006-ல் பெரும்பொருட்செலவில் எடுத்த ‘பொசைடன்’ வசூலில் மூழ்கியது. அடுத்த பத்து வருடங்கள் அவர் இயக்கத்தில் படமே வரவில்லை. 2016-ல் தாய்நாடு திரும்பி, வங்கிக்கொள்ளையை வைத்து ஒரு நகைச்சுவைப் படம் எடுத்தார். அது 1976-ல் அவரே டி.வி-க்காக எடுத்த கதைதான். 2022-ல் தன் 81-வது வயதில் அவர் காலமானார்.

இப்போதெல்லாம் விசேஷ வீடுகளில் அந்தக் கேள்வி வந்தால் என் மகள் நகர்ந்துபோவதில்லை. “எம்டன்ல ஒருத்தர் இருந்தார், தெரியுமா அத்தை?” என்று ஆரம்பித்துவிடுகிறாள்.