எஸ்தரும் ஆயாக் கொட்டகையும்

லாயிட் பெர்னாண்டோ என்றால் மலேசியாவில் பலருக்கும் 1976இல் வந்த 'ஸ்கார்பியன் ஆர்க்கிட்' நாவல்தான் நினைவுக்கு வரும். எனக்கோ, அதற்கு அடுத்த ஆண்டு அமெரிக்காவில் வெளியான அவருடைய ஆய்வு நூல்தான் பெரிது. கண்டியில் பிறந்து, சிறுவயதில் சிங்கப்பூர் வந்து, ஜப்பான்காரன் காலத்தில் ட்ரைஷா மிதித்தவர். பிறகு மலாயாப் பல்கலைக்கழகத்தின் ஆங்கிலப் பேராசிரியர். அந்த ஆய்வு நூலில், விக்டோரியா காலக் கடைசிப் பகுதி நாவல்களில் வரும் 'புதுமைப் பெண்'களை எடுத்துக்கொண்டார். ஜார்ஜ் எலியட் முதல் ஹார்டி வரை ஐந்து நாவலாசிரியர்கள், அவர்கள் கதைகளுக்குள் புகுந்த பெண்ணுரிமை விவாதம்.

மலாக்காக்காரர்களுக்கு அந்தக் காலத்தோடு வேறொரு உறவும் உண்டு. புதுமைப் பெண்ணைக் கேலி செய்த படங்களில் அவள் பெரும்பாலும் சைக்கிள் மேல்தான் இருப்பாள். டன்லப் காற்றடைத்த டயருக்குக் காப்புரிமை வாங்கியது 1888இல். ஹார்டியின் 'ஜூட் தி அப்ஸ்க்யூர்' 1895. மறு ஆண்டே டான் சாய் யான் மலாக்காவின் புக்கிட் லிந்தாங்கில் வியாபாரத்துக்கென்று ரப்பர் நட்டார். அன்றைய சைக்கிள்களில் ஓடியது நம் ரப்பர் அல்ல, உண்மைதான். ஆனால் அந்த டயர்ப் பசிதான் பின்னால் நம் பாட்டன் பாட்டிகளைக் கப்பலேற்றியது.

ஐவரில் ஜார்ஜ் மூரின் 'எஸ்தர் வாட்டர்ஸ்' (1894) என்னை விடவில்லை. எஸ்தர் வீட்டு வேலைக்காரி, மணமாகாமல் தாயானவள். தன் பிள்ளையைக் காசுக்கு வளர்ப்பவளிடம் விட்டுவிட்டு, பணக்கார வீட்டுக் குழந்தைக்குத் தாய்ப்பால் கொடுக்கிறாள். தனக்கு முன் அங்கே பால் கொடுத்தவர்களின் பிள்ளைகள் செத்துப்போனது தெரிந்ததும் வேலையை உதறிவிட்டு ஓடுகிறாள். ஜாசின் பக்கத்துத் தோட்டத்தில் வளர்ந்த யாருக்கும் இங்கே ஆயாக் கொட்டகை ஞாபகம் வரும். விடியுமுன் ஆள் கணக்கெடுக்கும் பெரட்டு. தூங்கும் பிள்ளையைத் தோளில் போட்டுக் கொண்டுபோய் அங்கே கிடத்திவிட்டு அம்மா பால் மரம் வெட்டப் போவாள். ஆயா நல்லவளாகவே இருப்பாள். ஆனால் பிள்ளை பசித்து அழும் நேரத்தில் அம்மா மரங்களின் நிரையில் இருப்பாள். எஸ்தரைப் போல உதறிவிட்டு ஓட அவளுக்கு வழியில்லை. குடியிருக்கும் லயமும் தோட்டத்துடையது.

அதனால்தான் ஐவரில் இன்னொருவரான கிஸ்ஸிங்கின் 'தி ஆட் விமன்' (1893) எனக்கு முழுதாக ஒட்டவில்லை. அதில் பெண்கள் தட்டச்சு கற்று, சொந்தக் காலில் நின்று விடுதலை தேடுகிறார்கள். நடுத்தரக் குடும்பத்துப் பெண்ணுக்கு அது சரி. பெண் வேலைக்குப் போவதே விடுதலை என்றால், தோட்டத்துக்கு அது முதல் கப்பலிலேயே வந்திறங்கியிருக்க வேண்டும்.

பெர்னாண்டோ ஆங்கில நாவலுக்குச் செய்த வேலை நம் நாவலுக்கும் வேண்டும். கா. பெருமாளின் 'துயரப் பாதை', சீ. முத்துசாமியின் 'மண்புழுக்கள்' போன்ற தோட்டத்து நாவல்களை வரிசையாக வைத்து, அவற்றில் வரும் பெண்களை மட்டும் பின்தொடர்ந்து யாராவது ஒரு முழு நூல் எழுதுங்கள். ஆய்வுக்குத் தலைப்பு கிடைக்கவில்லை என்று அலையும் மாணவர்களைத்தான் கேட்கிறேன்.