மின்னிசையும் மெட்டும்

மேல்நாட்டு மின்னணு இசையைக் கேட்டுப் பழகாதவர்கள் அதைப் பற்றிச் சொல்லும் முதற் குறை, அதில் தாளம் உண்டு, மெட்டு இல்லை என்பதுதான். அந்த இசையின் பழைய பாட்டுகளையும் புதியவற்றையும் பல வருஷங்களாகப் பிரியத்தோடு கேட்டு வருகிற எனக்கு இந்தக் குறை நியாயமாகப் படவில்லை. மெட்டு அங்கே இருந்துகொண்டே, தான் குடியிருக்கும் இடத்தை மாற்றிக்கொண்டு வந்திருக்கிறது என்பது என் அபிப்பிராயம்.

ம்யூனிக் நகரத்தில் ஜோர்ஜியோ மொரோடரும் பீட் பெலோட்டும் சேர்ந்து உருவாக்கி, டோனா சம்மரின் குரலில் 1977-இல் வெளிவந்த ‘ஐ ஃபீல் லவ்’ என்ற பாட்டில், பக்கவாத்தியங்களின் வேலையை ஏறக்குறைய முழுவதுமே மூக் சிந்தசைசர் என்ற மின்னணு வாத்தியம் ஏற்றுக்கொண்டு கீழ்ஸ்தாயி ஸ்வரங்களை இடைவிடாமல் துரித கதியில் ஓட்ட, அந்த ஓட்டத்துக்கு மேலே பாடகியின் குரல் அவசரம் சிறிதுமின்றி நீண்ட கார்வைகளாக மிதந்து செல்கிறது. யந்திரத்துக்கு ஓட்டம், மனிதக் குரலுக்கு மெட்டு என்ற இந்தப் பங்கீடு நடனப் பாட்டுகளில் நெடுங்காலம் நிலைத்தது.

1998-இல் வந்த, ஷெர் என்ற பாடகியின் ‘பிலீவ்’ பாட்டு அந்தப் பங்கீட்டைக் கலைத்தது. பூமிக்குள் செல்லும் அதிர்வலைகளை ஆராய்ந்து எண்ணெய் தேடும் துறையில் உழைத்த ஆண்டி ஹில்டெப்ராண்ட், அந்தக் கணித ஞானத்தையே பயன்படுத்தி, பிசகிய சுருதியைக் கேட்பவர் அறியாமல் திருத்துவதற்காக 1997-இல் கொண்டுவந்த கருவி ஆட்டோ-டியூன். அந்தத் திருத்தம் நிதானமாக நிகழ்வதற்குரிய அவகாசத்தை ஷெரின் பாட்டைத் தயாரித்தவர்கள் அடியோடு நீக்கிவிடவே, ஒரு ஸ்வரத்திலிருந்து மற்றொன்றுக்குக் குரல் வழுக்கிச் செல்லும் பாதை மறைந்து, ஸ்வரங்கள் மட்டும் படிப்படியாகத் தனித்து நின்றன. கமகத்தைச் சங்கீதத்தின் உயிராகக் கருதும் நம்முடைய காதுக்கு இது அபசாரமாகத் தோன்றுவது இயல்பே. ஆயினும் பிரிவைப் பற்றிய அந்தப் பாட்டில், துக்கத்தை அடக்கிக்கொண்டு பேசுகிற ஒரு பெண்ணின் விறைப்பை அந்தக் குரலில் நான் கேட்கிறேன், அது என்னை உருக்குகிறது.

அதற்கடுத்த மாறுதல் இன்னும் ஆச்சரியமானது. ஸ்கிரில்லெக்ஸ், டிப்ளோ என்ற தயாரிப்பாளர்கள் இருவரும் பாடகர் ஜஸ்டின் பீபரைக் கொண்டு 2015-இல் வெளியிட்ட ‘வேர் ஆர் யூ நௌ’ பாட்டில், வரிகள் ஓய்ந்தபின் புல்லாங்குழலோ ஏதோ பறவையோ என்று மயங்கவைக்கும் ஒரு சிறு சங்கதி மேல்ஸ்தாயியில் எழுகிறது. அது பீபரின் குரலே, துண்டுகளாக நறுக்கப்பட்டு, சுருதி உயர்த்தப்பட்டு, வாத்தியமாக மறுபிறவி எடுத்தது. பல்லவி இருக்கவேண்டிய ஸ்தானத்தில் சாகித்தியம் இல்லாத இப்படிப்பட்ட சங்கதியை வைக்கும் வழக்கம் அடுத்த சில வருஷங்களில் வேகமாகப் பரவியது.

இதனால் வந்த நஷ்டமும் உண்டு. நான்கைந்து ஸ்வரங்களுக்குள் அடங்கி, திரும்பத் திரும்ப வருகிற மெட்டுகள் பெருகிவிட்டன. முப்பது விநாடியாவது கேட்டால்தான் ஒரு முறை கேட்டதாக ஸ்பாட்டிஃபை கணக்கிடுகிற காலத்தில், சாவகாசமாக விரிந்து செல்லும் முன்னிசைக்கு இடம் குறைந்துவிட்டது.

எனினும் யந்திரத்தின்மேல் பழி சுமத்துவதற்கு முன் டூசல்டார்ஃப் நகரத்துக் கிராஃப்ட்வெர்க் குழுவினரை நினைத்துப் பார்க்கவேண்டும். அவர்கள் 1981-இல் சிந்தசைசரில் அமைத்த ‘கம்ப்யூட்டர் லவ்’ பாட்டின் மெட்டை, அவர்களுடைய அனுமதியோடு கோல்ட்ப்ளே குழுவினர் 2005-இல் ‘டாக்’ என்ற பாட்டில் கித்தாரில் வாசித்தபோது, அதன் அழகு ஓர் அணுவளவும் குறையவில்லை. வாத்தியம் மாறினாலும் உயிரோடிருக்கிற மெட்டை யந்திரத்தின் துணையோடும் சிருஷ்டிக்க முடியும் என்பதற்கு வேறு சாட்சி எனக்குத் தேவையில்லை. மின்னிசையில் மெட்டில்லை என்று இன்னும் எண்ணுகிற அன்பர்கள், அந்த இரண்டு பாட்டுகளையும் ஒன்றன்பின் ஒன்றாக ஒருமுறை கேட்கவேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன்.