மஞ்சள் வண்டியில் மெட்டியாபுருஜ்

கொல்கத்தாவின் விக்டோரியா நினைவகத்தையும் ஹவுரா பாலத்தையும் காட்டிவிட்டு ஓட்டலில் இறக்கிவிட ஏ.சி. கார்கள் போதும். நகரின் மறுபக்கத்துக்கு மஞ்சள் அம்பாசடர்தான் லாயக்கு. கண்ணாடியை இறக்கினால் தெருவே உள்ளே வந்துவிடும்.

முதலில் டிரெட்டா பஜார். சீனக் குடும்பங்கள் நடைபாதையில் விற்கும் மோமோவும் மீன் உருண்டை சூப்பும் வேண்டுமானால் விடியற்காலையிலேயே கிளம்ப வேண்டும். அருகிலேயே போ பாரக்ஸ்: முதல் உலகப் போர்ச் சிப்பாய்களுக்குக் கட்டிய செங்கல் குடியிருப்பு, பிறகு ஆங்கிலோ இந்தியர்களுடையதானது. பலர் ஆஸ்திரேலியா, கனடா என்று போய்விட்டார்கள். டிசம்பரில் தெரு களைகட்டுகிறது.

தென்மேற்கே கிதிர்பூரைத் தாண்டினால் மெட்டியாபுருஜ். 1856இல் அரசைப் பறிகொடுத்த அவத் நவாப் வாஜித் அலி ஷா இங்கே ஒரு குட்டி லக்னோவையே எழுப்பினார். 1887இல் அவர் மறைந்ததும் மாளிகைகள் பெரும்பாலும் போயின; அவர் அடங்கிய சிப்தைனாபாத் இமாம்பாரா மிஞ்சியது. கறி வாங்கக் காசில்லாமல்தான் பிரியாணியில் உருளைக்கிழங்கு போட்டார் என்று ஒரு கதை. ஆண்டுக்கு 12 லட்ச ரூபாய் ஓய்வூதியமும் சொந்த மிருகக்காட்சி சாலையும் வைத்திருந்தவரைப் பற்றி இதை நம்புவது கஷ்டம்.

வண்டிக்கும் நாள் எண்ணப்படுகிறது. 15 ஆண்டு தாண்டிய வாடகை வண்டிகளுக்கு 2008இல் உயர் நீதிமன்றம் தடை விதித்தது. உத்தர்பாரா ஆலையில் அம்பாசடர் உற்பத்தி 2014 மே மாதம் நின்றது. அந்தக் கணக்கில் கடைசி டாக்சிக்கு 2029. சந்துகளை இப்போது செல்போனே காட்டுகிறது. ஆனால் மெட்டியாபுருஜில் எந்தச் சந்தைத் தையல்காரர்களின் துணி மூட்டைகள் எப்போது அடைக்கும் என்பது பீகாரிலிருந்து வந்த வயதான டாக்சி ஓட்டுநர்களுக்குத்தான் தெரியும்.